கரி, சித்ரகிரீவன், கொஞ்சம் லேத் மெஷின்



வேடன் விரித்த வலையோடு புறாக்கள் எல்லாம் சேர்ந்து பறந்த கதை நம்மில் யாருக்குத்தான் தெரியாது? அந்தப் புறாக்களின் ராஜாவுக்குப் பேர் சித்ரகிரீவன். அந்தப் பேரையே ஒரு புறாவுக்கு வைத்து, இங்கிலீஷில் நாவல் எழுதி, அமெரிக்காவில் குழந்தைகள் புத்தகத்துக்குக் கொடுக்கும் நியூபெரி பதக்கத்தை 1928-இல் வாங்கினார் ஒரு இந்தியர். தன கோபால் முகர்ஜி. கல்கத்தாப் பக்கத்தில் 1890-இல் பிறந்தவர்.

"மெக்கானிக்கல் படிக்கிற பயலுக்குப் புறா எதுக்குடா?" என்று நண்பர்கள் கேட்டார்கள். சொல்கிறேன். இவரும் நம்ம ஆள்தான்! ஜப்பானுக்கு இயந்திரத் தொழில் படிக்கத்தான் முதலில் போனார். அங்கே ஃபேக்டரியில் அடிபட்டு விழுந்த தொழிலாளியை யாரும் கண்டுகொள்ளவில்லை. அந்த இடத்தில் இன்னொரு ஆளை நிறுத்தி மெஷினை ஓட்டினார்கள். மனுசனை ஸ்பேர் பார்ட் மாதிரி மாற்றுவதா? மனசு விட்டுப்போய் 1910-இல் அமெரிக்காவுக்குக் கப்பல் ஏறினார். வயலில் கூலி வேலை பார்த்தார், எச்சில் தட்டுக் கழுவினார், 1914-இல் ஸ்டான்ஃபோர்டில் பட்டமும் வாங்கினார். நாளைக்கு ஒரகடத்திலும் ஸ்ரீபெரும்புதூரிலும் அப்ரண்டிஸாக நிற்கப்போகிற நாம் இந்த மனிதரைத் தெரிந்துகொள்ள வேண்டாமா?

அவருடைய சித்ரகிரீவன் சும்மா கூண்டுப் புறா இல்லை. முதல் உலகப் போரில் பிரான்சுக்குத் தூதுப் புறாவாகப் போகிறது. குண்டுச் சத்தத்துக்கு நடுவே சேதி கொண்டுபோகிறது. திரும்பி வந்த பிறகு பயம் பிடித்துக்கொள்கிறது, பறக்கவே மாட்டேன் என்கிறது. இமயமலையில் புத்த பிட்சுக்கள்தான் அந்தப் பயத்தைப் போக்குகிறார்கள். போரின் கொடுமையைப் பத்துப் பக்கம் வசனம் பேசாமல் ஒரு சின்னப் பறவையின் நடுக்கத்தில் காட்டிவிட்டார், சாமர்த்தியம்தான்! 1922-இல் வந்த யானைக் கதைக்குப் பேர் "கரி". (அடுப்புக் கரி இல்லை நண்பர்களே, தமிழிலும் கரி என்றால் யானைதான். தமிழ் ஐயாவைக் கேட்டுப் பாருங்கள்.)

ஆனால் வெள்ளைக்காரன் நம்மிடம் யானையையும் புலியையும் மட்டும்தானே கேட்டான் என்று சிலர் சொல்வார்கள். உண்மைதான். சொந்த வாழ்க்கையையும், இந்தியாவைக் கேவலமாக எழுதியவர்களுக்குப் பதிலையும்கூட முகர்ஜி எழுதினார். நின்றது என்னவோ புறாதான். இன்னொரு கூத்தும் உண்டு. இந்தியர்கள் அமெரிக்கக் குடிமக்கள் ஆக முடியாது என்று 1923-இல் அந்த நாட்டு உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. 1946-இல்தான் சட்டம் மாறியது. பதக்கம் கொடுத்தார்கள், குடியுரிமை இல்லை! அவரோ 1936-லேயே நியூயார்க்கில் தன் உயிரைத் தானே முடித்துக்கொண்டார். பர்மாவுக்கும் மலேயாவுக்கும் ஆள் அனுப்பிய நம்ம சீமைக்கு இந்த வலி புரியாதா என்ன?

எனக்கு ஒரு குறை உண்டு. அவர் பிராமணப் பூசாரி வீட்டுப் பிள்ளை. ஆடு மாடு மேய்த்த கை எழுதிய கதை அல்ல அது. என் தாத்தா நாச்சியாபுரத்தில் ஆடு மேய்த்தவர். இருட்டில் இருமல் சத்தத்தை வைத்தே எந்த ஆடு என்று சொல்லுவார். ஆனால் கைநாட்டு. அவருக்குத் தெரிந்தது அவரோடேயே போயிற்று. பக்கத்துக் குன்றக்குடிக் கோயில் யானை சுப்புலட்சுமி 2024 செப்டம்பரில் கொட்டகையில் தீப்பிடித்து இறந்தபோது சுற்றுப்பட்டே அழுதது. அவளோடு பழகியவர்களிடம் எத்தனை கதை இருக்கும்! அதை எழுதப்போவது யார்? நம் வீடுகளில் இப்போதுதான் முதல் பேனா வந்திருக்கிறது.

நம் லைப்ரரியில் முகர்ஜி புத்தகம் ஒன்றுகூட இல்லை. பரவாயில்லை, இணையத்தில் இலவசமாகக் கிடைக்கிறது, பஸ்ஸில் போனில்தான் படித்தேன். ஆசிரியர் இறந்து 60 வருடம் தாண்டிவிட்டால் நம் நாட்டுச் சட்டப்படி யாரும் மொழிபெயர்க்கலாம். "கரி" சின்னப் புத்தகம்தான். முதல் அத்தியாயத்தைத் தமிழில் தொடங்கிவிட்டேன். நல்ல டிக்‌ஷனரி வைத்திருப்பவர்கள் மெக்கானிக்கல் இரண்டாம் ஆண்டுக்கு வந்து என்னைப் பார்க்கவும். வீட்டு ஆட்டைப் பற்றி எழுதியவர்களும் வரலாம்!