யாருடைய 'நாம்'?

வெஸ்னா பாருன் ஒரு காதல் கவிஞர். குரோஷிய இலக்கியம் பற்றிப் பேசுகிற கனவான்கள் இப்படித்தான் ஆரம்பிக்கிறார்கள்; இப்படியே முடித்தும் விடுகிறார்கள். கடல், ஒலிவ மரம், விட்டுப்போன ஆண், ஏங்குகிற பெண். அவ்வளவுதானாம். பெண் எழுதியதைக் 'காதல்' என்கிற டப்பாவில் போட்டு மூடிவிட்டால் உள்ளே அரசியல் மூச்சுவிட முடியாது என்பது இவர்கள் போடும் கணக்கு. கணக்கு தப்பு. அந்த டப்பாவைத் திறந்து பார்க்கத்தான் இதை எழுதுகிறேன்.

பாருனைப் பெண்ணியவாதி என்று முத்திரை குத்தும் உத்தேசம் எனக்கில்லை. எந்த அமைப்பின் உறுப்பினர் அட்டையையும் அவர் கையில் திணிக்கப் போவதில்லை. அவருடைய எழுத்துக்கு என்ன நேர்ந்தது, அவருக்குப் பின்னால் வந்த ஐந்து பெண்களுக்கு என்ன நேர்ந்தது, இரண்டையும் அருகருகே வைத்துப் பாருங்கள் என்கிறேன். முதலாவது கம்யூனிஸ்ட் ஆட்சியில் நடந்தது. இரண்டாவது, அந்த ஆட்சியை இறக்கிவிட்டு வந்த தேசியவாத ஆட்சியில் நடந்தது. கொடி மாறியது. குற்றப்பத்திரிகை மாறவில்லை.

பாருன் 1922இல் பிறந்தவர். ஷிபெனிக் நகருக்கு எதிரே, அட்ரியாடிக் கடலில் கிடக்கும் ஸ்லாரின் என்கிற சின்னத் தீவு அவர் பிறந்த ஊர். வசதியில்லாத குடும்பம். ஸாக்ரெப் பல்கலைக்கழகத்தில் படித்துக்கொண்டிருந்தார். உலகப்போர் முடிந்து பாசிசம் வீழ்ந்தது. புதிய யுகோஸ்லாவியா தன் இளைஞர்களைக் கூப்பிட்டது: வாங்க, நாட்டைக் கட்டுவோம். 1947இல் ஷாமாட்ஸிலிருந்து சராயேவோவுக்கு ரயில்பாதை போட இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்ட இளைஞர்கள் கூலி வாங்காமல் மண் சுமந்தார்கள். பாருனும் போனார். அங்கே விஷக்காய்ச்சல் பிடித்தது. படிப்பும் பாதியில் நின்றது.

அதே 1947இல் அவருடைய முதல் தொகுப்பு வந்தது. 'விடியல்களும் சூறாவளிகளும்' என்று பெயர். அன்று ஆட்சியில் இருந்த இலக்கியக் கொள்கை சோசலிச யதார்த்தவாதம். கவிதை என்றால் தொழிற்சாலை, கலப்பை, வெற்றி, 'நாம்'. பாருனின் புத்தகத்திலோ 'நான்' இருந்தது. உடம்பு இருந்தது, பயம் இருந்தது, தனிமை இருந்தது. சீரழிவுக் கவிதை, கொள்கையற்ற கவிதை என்று விமர்சனம் பாய்ந்தது.

தோழர்களே, இதைக் கொஞ்சம் நிதானமாக யோசியுங்கள். தண்டவாளம் போடப் போய்க் காய்ச்சலில் விழுந்த பெண்ணைப் பார்த்து, நீ மக்கள் வாழ்க்கையிலிருந்து விலகியவள் என்று தீர்ப்பெழுதுகிறார்கள்! அவள் உழைப்பு 'நாம்' கணக்கில் சேரும். அவள் காய்ச்சல் மட்டும் அவளோடது. மண் சுமக்கும் வரை தோழி. சுமந்த தோள் வலிக்கிறது என்றால் சீரழிவுவாதி. இதென்ன நியாயம்?

இது ஏதோ ஒரு விமர்சகனின் மூளைக்கோளாறு என்று ஒதுக்கிவிட முடியாது. அந்த அதிகாரம் பெண்களை எப்படி நடத்தியது என்பதற்கு இன்னொரு சாட்சி சொல்கிறேன். 1942 டிசம்பரில், நாஜி ஆக்கிரமிப்புக்கு நடுவே, போஸ்னியாவின் பெத்ரோவாட்ஸ் ஊரில் பாசிச எதிர்ப்புப் பெண்கள் முன்னணி தொடங்கப்பட்டது. கிராமத்துப் பெண்கள் அதில் சேர்ந்து ரொட்டி சுட்டார்கள், காயத்துக்குக் கட்டுப்போட்டார்கள், செய்தி கடத்தினார்கள், எழுதப் படிக்கக் கற்றார்கள். துப்பாக்கி தூக்கிக் கெரில்லாப் படையில் செத்த பெண்கள் ஆயிரக்கணக்கில். வென்ற பிறகு ஓட்டுரிமை வந்தது, சட்டத்தில் சமத்துவம் வந்தது. அதை நான் குறைத்துச் சொல்லவில்லை. அது ரத்தம் கொடுத்து வாங்கியது. ஆனால் 1953இல் அந்த முன்னணியே கலைக்கப்பட்டது. சோசலிசத்தில் பெண் பிரச்சினை பொதுப் பிரச்சினையோடு சேர்ந்து தீர்ந்துவிடும், தனி அமைப்பு எதற்கு என்றார்கள். வீட்டில் சோறாக்கினது யார், அடி வாங்கினது யார் என்று எவனும் கேட்கவில்லை.

பாருனுக்கு வருவோம். டிட்டோ ஸ்டாலினோடு முறித்துக்கொண்ட பிறகு சோசலிச யதார்த்தவாதத்தின் பிடி தளர்ந்தது. 1952இல் லுப்லியானா எழுத்தாளர் மாநாட்டில் மிரோஸ்லாவ் கிர்லெழா அதை வெளிப்படையாகவே தாக்கிப் பேசினார். 1955இல் பாருனின் 'கருப்பு ஒலிவம்' வந்தது. இப்போது அதே இலக்கிய உலகம் கைதட்டியது. திட்டினவர்கள் திருந்திவிட்டார்களா? இல்லைங்க. திட்டுவதை நிறுத்திவிட்டு டப்பாவில் போட்டார்கள். நேற்று சீரழிவு, இன்று காதல். இரண்டுக்கும் அர்த்தம் ஒன்றுதான்: உன் 'நான்' பொதுவிஷயத்தில் சேராது.

அவருடைய மிகப் பிரபலமான கவிதையையே எடுத்துக்கொள்வோம். ஒரு பெண், தான் நேசித்தவனோடு இப்போது வாழும் இன்னொருத்தியைப் பார்த்துப் பேசுகிறாள். அவனை நன்றாகப் பார்த்துக்கொள் என்கிறாள். ஆகா, என்ன தியாகம், என்ன பெண்மை என்று உருகுகிறவர்கள் ஒன்றைக் கவனிப்பதே இல்லை. அந்தக் கவிதையில் ஆணுக்கு ஒரு வார்த்தை கிடையாது. சக்களத்தி என்று எதிரெதிரே நிறுத்தப்பட வேண்டிய இரண்டு பெண்களில் ஒருத்தி, மற்றவளை எதிரியாக்க மறுக்கிறாள். அவன் பேச்சுப்பொருள், பேசுகிறவளும் கேட்கிறவளும் பெண்கள். ஆண் எழுதிய காதல் மரபு முழுக்கப் பெண் எங்கே உட்கார வைக்கப்பட்டாளோ, அங்கே இவள் அவனை உட்கார வைத்துவிட்டாள். என் வாசிப்பு இது. தியாகம் என்று வாசிப்பவர்கள் தாராளமாக வாதத்துக்கு வரலாம்.

எழுத்தை மட்டுமே நம்பிப் பிழைத்த முதல் குரோஷியப் பெண் என்று பாருனைச் சொல்வார்கள். பெருமையான வாக்கியம்தான். ஆனால் அது எப்படிப்பட்ட பிழைப்பு என்று அதே வாயால் சொல்ல மாட்டார்கள். அறுபதுக்கும் மேற்பட்ட புத்தகங்கள். குழந்தைகளுக்கான கதைப்பாடல்கள், மொழிபெயர்ப்புகள், நாடகங்கள். வயதான காலத்தில் ஆட்சியாளர்களைக் கிழிக்கும் அங்கதக் கவிதைகள். 2001இல் வந்த நினைவு நூலுக்கு, நாற்பது சாக்குகளில் என் வாழ்க்கை என்கிற பொருளில் அவர் துணைத்தலைப்பு வைத்தார். பதவியும் வீடும் வாசலும் உள்ள கவிஞனின் வாழ்க்கை நூலக அலமாரியில் இருக்கும். இவருடையது சாக்கில். கடைசி ஆண்டுகளை ஸ்டூபிச்கே தோப்லிட்ஸே என்ற ஊரின் மருத்துவமனையில் கழித்து, 2010 அக்டோபரில் இறந்தார். இறந்ததும் தேசியச் சொத்தாகிவிட்டார். செத்த பெண் எதிர்த்துப் பேச மாட்டாள் இல்லையா?

இனி கொடி மாறிய கதை. பாருனின் 'நான்' கட்சியின் 'நாம்'க்கு இடைஞ்சலாக இருந்தது. 1990களில் தேசத்தின் 'நாம்' வந்தது. அதற்கு யார் இடைஞ்சல்?

1970களின் கடைசியிலேயே ஸாக்ரெப் நகரத்துப் பெண்கள், தீர்ந்துபோனதாகச் சொல்லப்பட்ட பெண் பிரச்சினையை மறுபடி தோண்டியெடுத்துவிட்டார்கள். 1988இல், வீட்டில் அடிபடும் பெண்கள் கூப்பிட ஒரு தொலைபேசி எண் ஏற்படுத்தினார்கள். 1991இல் போர் வெடித்தது. யுகோஸ்லாவிய ராணுவம் வுகோவார் நகரைத் தரைமட்டமாக்கியது. துப்ரோவ்னிக் மீது குண்டு பொழிந்தது. 1992இல் போர் போஸ்னியாவுக்குப் பரவியது. செர்பியப் படைகள் முஸ்லிம் பெண்களை அடைத்துவைத்துத் திட்டமிட்டு வன்புணர்ந்தன. குரோஷியப் பெண்களும் அந்தக் கொடுமைக்கு ஆளானார்கள். இதில் சந்தேகத்துக்கு இடமே இல்லை. பின்னாளில் ஹேக் தீர்ப்பாயம் ஃபோச்சா நகரத்துக் குற்றங்களுக்காக 2001 பிப்ரவரியில் தண்டனை கொடுத்தபோது, வன்புணர்வை மானுடத்துக்கு எதிரான குற்றம் என்றே அறிவித்தது. எல்லாத் தரப்புப் படைகளிலும் இந்தக் குற்றம் செய்தவர்கள் இருந்தார்கள் என்பதும் பதிவான உண்மை.

அந்த நேரத்தில் ஸாக்ரெப்பின் பெண்ணியவாதிகள் சிலர் ஒன்றைச் சொன்னார்கள். வன்புணரப்பட்டவள் முதலில் ஒரு பெண். அவளைத் தேசத்தின் கொடிக்கம்பம் ஆக்காதீர்கள். அவள் காயத்தைக் காட்டி அடுத்த படையெடுப்புக்கு ஆள் சேர்க்காதீர்கள். 1992இல் போரில் பாதிக்கப்பட்ட பெண்களுக்கென்று ஸாக்ரெப்பில் ஒரு மையம் தொடங்கப்பட்டது. அகதியாக வந்தவளிடம் நீ எந்த இனம் என்று கேட்காமல் உதவி செய்தார்கள்.

பொறுக்குமா தேசத்துக்கு? 1992 டிசம்பரில் 'குளோபஸ்' வார இதழ் ஒரு கட்டுரை போட்டது. குரோஷியாவைக் குரோஷியப் பெண்ணியவாதிகளே வன்புணர்கிறார்களாம். அதுதான் தலைப்பு! ஸ்லாவென்கா திராகுலிச், துப்ராவ்கா உக்ரேஷிச், ராடா இவெகோவிச், வெஸ்னா கேசிச், யெலெனா லோவ்ரிச் என்று ஐந்து பேர். எழுத்தாளர்கள், தத்துவப் பேராசிரியர், பத்திரிகையாளர்கள். ரியோ டி ஜெனிரோவில் நடந்த 'பென்' எழுத்தாளர் மாநாட்டில், அடுத்த மாநாடு துப்ரோவ்னிக்கில் நடக்கவிடாமல் சதி செய்தார்கள் என்பது குற்றச்சாட்டு. ஐவரில் எல்லாரும் ரியோ போனவர்கள்கூட இல்லை. 'ரியோவின் சூனியக்காரிகள்' என்ற பெயர் மட்டும் ஒட்டிக்கொண்டது.

கட்டுரையோடு ஓர் அட்டவணை. எங்கே பிறந்தாள், என்ன இனம், கல்யாணம் ஆனவளா, எத்தனை பிள்ளை, கட்சியில் இருந்தாளா, போரின்போது எங்கே இருந்தாள். இந்தப் பெண்களுக்கு ஆண் துணை கிடைப்பதே சிரமமாக இருந்தது என்கிற கேலியும் உள்ளே. கட்டுரையில் எழுதியவர் பெயர் இல்லை. அதிபர் துஜ்மானிடம் முன்பு ஆலோசகராக இருந்த ஒரு சமூகவியலாளர்தான் எழுதினார் என்பது பிறகு தெரிந்தது. பெண்களுடைய படுக்கையறை வரை பட்டியல் போட்ட பேனாவுக்குத் தன் பெயரைப் போட வெட்கம்.

அட்டவணையை உற்றுப் பாருங்கள். அவர்கள் எழுதியது சரியா தப்பா என்று அதில் ஒரு கட்டம்கூட இல்லை. கேள்வி ஒன்றுதான்: இவள் உடம்பு யாருக்குச் சொந்தம்? 1947இல் கட்சிக்கு. 1992இல் இனத்துக்கு.

மிரட்டல்கள் வந்தன. தெரிந்தவர்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். உக்ரேஷிச் 1993இல் நாட்டைவிட்டு வெளியேறினார். 2023 மார்ச்சில் ஆம்ஸ்டர்டாமில் இறந்தார். இவெகோவிச் பிரான்சுக்குப் போனார். கேசிச் வழக்குப் போட்டு, வருஷக்கணக்காக இழுத்தடித்த பிறகு வென்றார்.

இங்கே ஒரு கேள்வி வரும். நியாயமான கேள்விதான். 'தலைமேல் குண்டு விழும்போது இதைப் பேசலாமா? குற்றவாளி யாரென்று இனம் சொல்லாமல், ஆண்கள் என்று பொதுவாகச் சொன்னால் கொலைகாரன் தப்பிக்க மாட்டானா?' குரோஷியப் பெண்ணியவாதிகளிலேயே ஒரு பகுதியினர் இப்படித்தான் கேட்டார்கள். குற்றவாளியின் பெயர், அவன் படை, அவனுக்கு உத்தரவு போட்டவன், எல்லாவற்றையும் சொல்லியே ஆக வேண்டும். அதில் எனக்கு மாற்றுக்கருத்து இல்லை. ஆனால் பேர் சொல்லி நீதி கேட்பது வேறு. பாதிக்கப்பட்டவளைச் சுவரொட்டி ஆக்குவது வேறு. எங்கள் பெண்கள், எங்கள் பெண்கள் என்று 1992இல் கத்திய தேசம், போரில் பாலியல் வன்முறைக்கு ஆளான அந்தப் பெண்களின் உரிமைக்குச் சட்டம் கொண்டுவந்தது எப்போது தெரியுமா? 2015இல். இருபத்துமூன்று வருஷம்! சுவரொட்டிக்கு அவசரம். நஷ்டஈட்டுக்கும் மருத்துவத்துக்கும் அவசரமில்லை. 'இப்போது இதைப் பேசலாமா' என்றவர்களுக்கு வரலாறு கொடுத்த பதில் இது.

போர் முடிந்தும் உடம்பின்மேல் உரிமை கொண்டாடுவது முடியவில்லை. கருக்கலைப்பை அனுமதித்த 1978ஆம் ஆண்டுச் சட்டம் ஏட்டில் இருக்கிறது. மனசாட்சி இடம் தரவில்லை என்று கைவிரிக்கும் மருத்துவர்களால் பெண்கள் ஊர் ஊராக அலைந்தார்கள். ஸாக்ரெப்பின் மையச் சதுக்கத்தில், 2022 கடைசியிலிருந்து, மாதத்தின் முதல் சனிக்கிழமை ஆண்கள் வரிசையாக மண்டியிட்டு ஜெபம் செய்யத் தொடங்கினார்கள். பெண்கள் அடக்கமாக உடுத்த வேண்டும், ஆண் குடும்பத்துக்குத் தலைவனாக வேண்டும் என்பதும் அந்த ஜெபத்தில் உண்டு. எதிரே பெண்கள் வந்து நின்றார்கள்.

கவிதையும் ஓயவில்லை. 1990இல் பிறந்த மோனிகா ஹெர்செக், போரும் வறுமையும் தின்ற பெட்ரின்யா பக்கத்துக் கிராமத்திலிருந்து வந்தவர். 2018இல் வந்த அவருடைய முதல் தொகுப்பில் அந்தக் கிராமத்து வீடுகளும் மனிதர்களும் வருகிறார்கள். தலைநகரத்துக் கனவான்களின் டப்பா அவருக்குப் பத்தாது.

மாணவத் தோழர்களுக்கும் களத்தில் நிற்பவர்களுக்கும் நான் சொல்ல விரும்புவது இதுதான். ஒடுக்கப்பட்டவர்களுக்கு 'நாம்' வேண்டும். அது இல்லாமல் எந்த விடுதலையும் இல்லை. பாருனும் அந்த 'நாம்'க்காகத்தான் மண் சுமந்தார். ஆனால் ஒரு பெண் 'நான்' என்று சொன்னதும் நொறுங்கிவிடும் 'நாம்' விடுதலைக்கு உதவாது; அது இன்னொரு எஜமானன் வீட்டுத் திண்ணை. முதல்ல போராட்டம், அப்புறம் பொம்பளைப் பிரச்சினை என்று சொல்கிற குரல் எந்தக் கொடியின் கீழ் வந்தாலும் சந்தேகப்படுங்கள். அடுத்த கூட்டத்தில் ஒரு பெண் எழுந்து 'எனக்கு' என்று ஆரம்பிக்கும்போது, யார் கடிகாரத்தைப் பார்க்கிறான் என்று கவனியுங்கள்.