குளவி கொட்டினால் யார் பொறுப்பு?

மலையகத் தோட்டங்களில் குளவிக்கொட்டு என்பது பத்திரிகைகளுக்கு மழைச் செய்தி மாதிரி ஆகிவிட்டது. எந்தத் தோட்டம், எத்தனை பேர் வைத்தியசாலையில் என்று நாலு வரி. கொட்டு வாங்கியவருக்கு அன்று முழுப் பேர் விழுந்ததா, அரைப் பேரா, படுக்கையில் கிடந்த நாட்களில் வீட்டு அடுப்பு எப்படி எரிந்தது என்று யாரும் கேட்பதில்லை.

"குளவி கொட்டினால் தோட்டம் என்ன செய்யும்?" என்பது நாம் அடிக்கடி கேட்கும் பதில். இதை நாம் ஏற்க வேண்டியதில்லை. அந்த மலையில் தொழிலாளியை நிறுத்தியது நிர்வாகம். கூடு எந்த மரத்தில் தொங்குகிறது என்பதும் பெரும்பாலும் முன்பே தெரிந்த விடயம். 1934ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கத் தொழிலாளர் நட்டஈட்டுக் கட்டளைச் சட்டம் கேட்பதெல்லாம், விபத்து வேலையின்போது, வேலையின் காரணமாக நேர்ந்ததா என்பதைத்தான். துரை கவனயீனமாக இருந்தார் என்று நிரூபிக்கும் சுமை தொழிலாளிக்கு இல்லை. (இச்சட்டம் வந்தபோது தொழில் அமைச்சராக இருந்தவர் தோட்டத்தில் பிறந்த பெரி சுந்தரம். பிள்ளைகளுக்கு இதையும் சொல்லி வையுங்கள்.)

மரணம் நேர்ந்த வீட்டில்தான் அநியாயம் அதிகம். பெட்டிச் செலவு, சாப்பாட்டுச் செலவு என்று ஒரு தொகையைக் கையில் வைத்து, "இனி எந்தக் கோரிக்கையும் இல்லை" என்ற தாளில் கையெழுத்து வாங்கிவிடுவார்கள். அழுதுகொண்டிருக்கும் வீட்டில் யார் வாசித்துப் பார்ப்பார்கள்? அந்தத் தாளைக் கண்டு பயந்து ஒதுங்காதீர்கள். மரணத்துக்கான நட்டஈட்டைத் தொழிலாளர் நட்டஈட்டு ஆணையாளரிடம் வைப்பிலிட வேண்டும். அவர்தான் குடும்பத்தாருக்குப் பகிர்ந்தளிப்பார். உரிமையை விட்டுக்கொடுப்பதாக எழுதி வாங்கும் உடன்பாடு சட்டத்தின் முன் செல்லாது. 550,000 ரூபாவாக இருந்த உச்சத் தொகை 2022ஆம் ஆண்டுத் திருத்தத்தில் 2,000,000 ரூபாவாக உயர்ந்தது. வேலைக்குப் போகும் வழியிலும் திரும்பும் வழியிலும் நேரும் விபத்தும் அதில் சேர்க்கப்பட்டது.

இப்போது இன்னொரு வாசல் திறக்கிறது. தேயிலைக் காணியைக் குடும்பங்களுக்குப் பிரித்துக் கொடுத்து, கொழுந்தை மட்டும் கம்பனி வாங்கும் வெளியார் உற்பத்தி முறை. நாளைக்கு அந்தத் துண்டில் பாம்பு கடித்தால், "நீங்கள் எங்கள் தொழிலாளி இல்லையே" என்று சொல்ல வழி கிடைத்துவிடும். கூலிப் பேச்சில் இதைப் பற்றி யாரும் வாய் திறக்காதது எமக்குக் கவலை தருகிறது. எந்தத் தாளில் கைவைக்கும் முன்பும் சங்கத்திடம் காட்டுங்கள்.

உப்புவெளி, நிலாவெளிப் பக்கம் ஹோட்டல்களிலும் கட்டட வேலைகளிலும் நிற்கும் தோட்டத்துப் பிள்ளைகளுக்கும் இதே சட்டம்தான். சாரத்திலிருந்து விழுந்தவரைக் கொந்தராத்துக்காரரிடம் தள்ளிவிட்டு முதலாளி ஒதுங்க முடியாது. தன் வழமையான தொழிலின் ஒரு பகுதியைக் கொந்தராத்துக்குக் கொடுத்தவரையும் சட்டம் பிடிக்கும்.

காயம் பட்டால் அன்றைக்கே நிர்வாகத்துக்கு எழுத்தில் அறிவித்துப் பிரதி வைத்துக்கொள்ளுங்கள். டிஸ்பென்சரித் துண்டையும் வைத்தியசாலை அட்டையையும் கிழிய விடாதீர்கள். எப்படி நடந்தது என்று வைத்தியர் கேட்டால் "வேலை செய்யும்போது" என்று சொல்லி எழுத வையுங்கள். "வீட்டில் விழுந்தேன்" என்று சொல்லச் சொன்னால் கேட்காதீர்கள். பக்கத்து நிரையில் நின்ற இருவரின் பெயரோடு எமது உப்புவெளிக் கிளைக்கு வாருங்கள். விண்ணப்பத்தை நாங்கள் நிரப்பித் தருகிறோம், அதற்குப் பணம் இல்லை.