பொன்னாடை போதும், மதிப்புரை எங்கே?

கே. எஸ். சிவகுமாரன் 2022 ஆம் ஆண்டு செப்டெம்பரில் மறைந்தபோது தமிழ்ப் பத்திரிகைகள் இரங்கல் எழுதின. நன்று. அவர் விட்டுச் சென்ற இடத்தில் எவரையேனும் சம்பளம் கொடுத்து அமர்த்தினவா? பத்திரிகை முதலாளிமாரிடம் இதனைப் பகிரங்கமாகவே கேட்கின்றோம்.

1936 இல் மட்டக்களப்பிற் பிறந்த அப்பெரியார், வானொலியிலும் பத்திரிகைகளிலும் கடமையாற்றியும், கடல் கடந்து ஆங்கிலம் கற்பித்தும் வயிற்றைக் கழுவினார். நூல்களைப் படித்து நாட்டுக்குச் சொல்லும் பணியோ அவருடைய ஓய்வையெல்லாம் தின்றது. ‘தி ஐலண்ட்’ பத்திரிகையில் அவர் எழுதிய பத்தியின் பெயர் ‘கிளீனிங்ஸ்’. அறுவடையான வயலிற் சிந்திய கதிர்களைப் பொறுக்குவதற்கு ஆங்கிலத்தில் வழங்கும் சொல் அது. வன்னி உழவருக்கு அதனை நாம் விளக்க வேண்டியதில்லை. தமிழன் என்ன எழுதுகிறான் என்றே அறியாதிருந்த தென்னிலங்கை வாசகருக்கு நம் நூல்களைப் பெயர் சொல்லிக் காட்டியவர் அவர்.

அவர் மென்மையானவர், கடிந்து எழுதமாட்டார் என்று குறை சொல்வோர் உளர். குறையில் உண்மையும் உண்டு. சில வேளைகளில் நூலை எடைபோடாமல் அறிமுகஞ் செய்வதோடு அமைந்துவிட்டார். ஆனால், படித்துவிட்டு எழுதினார். இன்று நடப்பது என்ன?

கிளிநொச்சியிலோ முல்லைத்தீவிலோ வவுனியாவிலோ ஒரு நூல் வெளிவருகிறது. மண்டபம், மங்கல விளக்கு, பொன்னாடை, முதற் பிரதி பெறும் வர்த்தகர்! நயவுரை நிகழ்த்த வருபவருக்கு நூல் முதல் நாள் இரவுதான் கைக்கு எட்டியிருக்கும். (நாமும் அப்படிப் பேசியிருக்கிறோம், குற்றத்தை ஒப்புக்கொள்கிறோம்.) அடுத்த ஞாயிறு பொன்னாடைப் படம் பத்திரிகையில் வரும். நூலுக்குள் என்ன இருக்கிறதென்று ஒரு வரி வராது. ஈரப்பதன் 14 வீதத்தைத் தாண்டினால் நெல் சந்தைப்படுத்தும் சபை நெல்லை ஏற்பதில்லை. உழவன் ஏசுவான், ஆயினும் அடுத்த போகம் நன்றாகக் காயவைத்துக் கொண்டுபோவான். நம் எழுத்தாளனுக்கு அந்த அளவுகோல்தானும் வைத்தார் இல்லை. நல்ல நூலும் பதரும் ஒரே பொன்னாடையைப் போர்த்திக்கொண்டு ஒரே அலுமாரியில் உறங்குகின்றன.

இது இலக்கியக்காரரின் வீட்டுச் சண்டை என்று எவரும் ஒதுங்கிவிட வேண்டாம். 1973 இல் வீரகேசரி வெளியிட்ட அ. பாலமனோகரனின் ‘நிலக்கிளி’ தண்ணிமுறிப்பைக் களமாகக் கொண்ட நாவல். 1984 இல் அவ்வூர் மக்கள் தம் மண்ணை விட்டுப் பெயர்க்கப்பட்டனர். நாவல் நீதிமன்றத்திற் சான்றாகாது என்பதைச் சட்டம் படித்த நாம் அறிவோம். ஆனால், அக்குளத்தின் கீழ் நம்மவர் விதைத்து வாழ்ந்ததைக் கண்ணாற் காணாத தலைமுறையொன்று வளர்ந்து நிற்கின்றதே! அத்தலைமுறையின் கையில் அந்நூலை எடுத்துக் கொடுப்பவன் எவன்? 2009 இல் முடிந்த போரில் வீடுகளோடு ஏடுகளும் அழிந்தன. அதன்பின் வன்னியில் எழுதப்படுபவை சில நூறு பிரதிகளாக அச்சாகி, உறவினர் வீடுகளோடு நின்றுவிடுகின்றன. மதிப்புரை பெறாத நூல் ஆனையிறவைத் தாண்டி யாழ்ப்பாணம் போவதே அரிது. கொழும்பைப் பற்றிக் கேட்கவும் வேண்டுமோ?

இடமில்லை என்பார்கள் ஆசிரியர்மார். சோதிட பலனுக்கு இடமுண்டு, சினிமா நடிகையின் திருமணத்துக்கு இடமுண்டு! 1959 முதல் 1961 வரை தினகரனின் ஆசிரியராயிருந்த க. கைலாசபதி ஈழத்து எழுத்துக்குப் பக்கங்களைத் திறந்துவிட்டார். மனமிருந்த இடத்தில் இடமும் இருந்தது.

வாரத்துக்கு அரைப் பக்கம் கேட்கின்றோம். எழுதுபவர் தம் பெயரை இட்டு எழுதட்டும். கூசாமல் குற்றஞ் சொல்லட்டும். அவருக்குக் கூலி கொடுக்கப்படட்டும். நூலின் விலையும் கிடைக்குமிடமும் அடியிற் குறிக்கப்படட்டும். சனசமூக நிலையங்கள் அவ்வரைப் பக்கத்தைப் பார்த்து நூல் வாங்கட்டும். இப்பத்திரிகையும் இக்குற்றச்சாட்டுக்கு விலக்கானதன்று. ஆசிரியர்மார் மறுமொழி தருவாராயின், ஒரு சொல்லும் குறைக்காது இவ்விடத்திலேயே வெளியிடச் செய்வோம்.