நூலும் சோதனையும்

ஒரு நாள் மாலை, பள்ளியில் பயிலும் என் பேரன் அறிவியல் பாடத்தை உரக்கப் படித்துக்கொண்டிருந்தான். "காற்று எல்லாத் திசைகளிலும் அழுத்துகின்றது" என்னும் தொடரைப் பன்முறை ஓதினான். "அஃது அழுத்துவதை நீ கண்டதுண்டோ?" என்று வினவினேன். "தேர்வில் அதைக் கேட்கமாட்டார்கள், தாத்தா" என்றான்.

அவனை அழைத்து, கண்ணாடிக் குவளை ஒன்றில் விளிம்பளவும் நீர் நிரப்பச் செய்தேன். தடித்த அட்டையொன்றால் அதன் வாயை மூடி, அட்டையைக் கையால் தாங்கியவாறே குவளையைக் கவிழ்த்து, பின்னர்க் கையை மெல்ல எடுக்கச் சொன்னேன். அட்டை விழவில்லை, நீரும் கொட்டவில்லை. சிறிது நேரம் வாளாவிருந்தவன், "கீழேயிருந்து காற்றுத்தான் தாங்குகிறது!" என்று கூவினான்.

யானோ இலக்கண இலக்கியங்களையே கற்றவன். இச்சோதனையை எங்குக் கற்றேன்? அவனுடைய பாடநூலில், அவன் ஓதிய தொடருக்கு அடுத்த பக்கத்திலேயே, அது படத்துடன் அச்சிடப்பட்டிருந்தது! அவன் அதனையும் படித்திருந்தான். ஆனால் செய்து பார்த்ததில்லை.

மாணவர்களே! மனப்பாடத்தை யான் பழிப்பவன் அல்லேன். நிகண்டும் நூற்பாவும் நெஞ்சில் நின்றமையாலேதான் என்னால் தமிழ் கற்பிக்க முடிந்தது. செய்யுளை ஓதும்போது அதன் ஓசையும் பொருளும் அவ்வோதலிலேயே இன்பம் தருகின்றன. அறிவியல் நூலின் இயல்போ வேறு. அது வழிகாட்டும் கைம்மரம் போன்றது. கைம்மரத்தில் எழுதிய ஊர்ப்பெயரைப் படித்தவன் அவ்வூரை அடைந்தவன் ஆகான், நடந்தவனே அடைவான்.

நூலைப் படித்து அவ்வாறு நடந்தவர் ஒருவரைக் கூறுவேன். 1791-ஆம் ஆண்டில் இங்கிலாந்தில் கொல்லர் ஒருவரின் மகனாகப் பிறந்தவர் மைக்கேல் பாரடே. அவர் இளமையில் இலண்டன் நகரில் நூற்கட்டுநர் ஒருவரிடம் தொழில் பயின்றார். கட்டுதற்கு வந்த நூல்களே அவருக்குப் பள்ளியாயின. அவற்றுள் ஒன்று, ஜேன் மார்செட் என்னும் அம்மையார் இரசாயனத்தைப் பற்றி உரையாடல் வடிவில் எழுதியது. ஓர் ஆசிரியையும் இரு மாணவியரும் வினவியும் விடையிறுத்தும் சோதனைகள் செய்தும் கற்கும் முறையில் அஃது அமைந்தது. பாரடே அதனைப் படித்து அமைந்துவிடவில்லை. தம் கைப்பொருளுக்கு எட்டிய சிறு சோதனைகளால் நூலின் கூற்று மெய்யோ எனத் தாமே ஆராய்ந்தார். மெய்யெனக் கண்ட பின்னரே அந்நூலைப் பற்றிக்கொண்டார். 1831-இல் காந்தத்தின் துணையால் மின்னோட்டத்தை உண்டாக்கிக் காட்டிய பேரறிஞர் அவரே. முதுமையிலும் அவர் அவ்வம்மையாரை நன்றியுடன் நினைவுகூர்ந்தார்.

"எங்கள் பள்ளியில் கருவிகள் இல்லையே" என்று சிலர் கூறக்கூடும். இரண்டாம் உலகப் போரினால் பள்ளிகள் பல பாழாயின. அந்நாடுகளின் ஆசிரியர்க்கென 1948-இல் யுனெஸ்கோ நிறுவனம் ஒரு சிறு நூலை வெளியிட்டது. எளிதிற் கிடைக்கும் பொருள்களைக்கொண்டு ஆய்வுக் கருவிகளைச் செய்துகொள்ளும் வகையை அஃது உரைத்தது. போர் தீண்டாத, ஆனால் கருவி வளம் இல்லாத நாடுகளும் அதனை விரும்பின. அது 1956-இல் பெருநூலாக விரிந்தது. குவளையும் அட்டையும் இல்லாத ஊர் உண்டோ? இல்லாதது பெரும்பாலும் கருவியன்று, செய்துபார்க்கும் ஊக்கமே.

இனி, மொழியைப் பற்றியும் ஒரு சொல். அறிவியலைத் தமிழில் உரைத்தல் இன்று தோன்றிய புதுமை அன்று. அமெரிக்க மருத்துவராகிய சாமுவேல் பிஸ்க் கிரீன் 1847-இல் யாழ்ப்பாணம் சேர்ந்தார். மானிப்பாயில் மாணவர்க்கு மேலை மருத்துவத்தைத் தமிழிலேயே கற்பித்தார். உடலின் அமைப்பு, அறுவை மருத்துவம், இரசாயனம் ஆகிய துறைகளில் தமிழ் நூல்கள் வெளிவரச் செய்தார். எனவே, தமிழால் இயலாது என்பது பொருந்தாது. எனினும், நல்ல கலைச்சொல் மட்டும் நல்ல பாடநூல் ஆகிவிடாது. பொருளை முன்னர்க் காட்டிப் பெயரைப் பின்னர்ச் சூட்டுதல் வேண்டும். குவளை கவிழ்ந்தும் நீர் நின்றதைக் கண்ட சிறுவனுக்கு 'அழுத்தம்' என்னும் சொல் விளக்கம் வேண்டாது விளங்கும். காணாதவனுக்கோ அது வெற்றொலியே.

ஆகவே, நூலாசிரியர் ஒவ்வொரு பாடத்தையும் ஒரு சோதனையில் தொடங்குவாராக; ஆசிரியர் அதனை மாணவர் கையாலேயே செய்விப்பாராக; தேர்வு வகுப்போர், "யாது?" என்பதனோடு "எவ்வாறு அறிந்தாய்?" என்றும் வினவுவாராக. அவ்வினா எழாதவரை என் பேரன் கூறிய விடையே மாணவர் பலரின் விடையாக இருக்கும்.

மாணவர்களே! உங்கள் பாடநூல் பொய்யுரைக்கும் என ஐயுற வேண்டா. ஆயினும், அதன் சொல்லை உங்கள் கண்ணும் கையும் உறுதி செய்யட்டும். இன்று மாலையே ஒரு குவளை நீரை எடுங்கள்!