தீர்ப்பு நம் பக்கம், நிலம் அவர்கள் பக்கம்

நில வழக்கில் ஒரு தலித் குடும்பம் ஜெயித்தது என்று கேள்விப்பட்டால் வாழ்த்துச் சொல்கிறோம். அடுத்த போகத்தில் அந்த வயலை யார் உழுகிறார்கள் என்று போய்ப் பார்ப்பதில்லை. தோற்றவர் தானாக விலகாவிட்டால், ஜெயித்தவர்தான் மறுபடியும் நீதிமன்றப் படியேறி நிறைவேற்று மனு போட வேண்டும். அமீனா வர வேண்டும், சர்வேயர் அளக்க வேண்டும். தகராறு வருமென்றால் போலீஸ் பந்தோபஸ்துக்குத் தனி மனு. ஒவ்வொன்றுக்கும் வாய்தா, ஒவ்வொன்றுக்கும் செலவு.

‘இது எல்லாச் சாதிக்கும் உள்ள சிக்கல்தானே’ என்று கேட்கலாம். தாமதம் எல்லாருக்கும் உண்டு. டிக்ரி வாங்கிய பிறகுதான் வழக்காடியின் கஷ்டம் தொடங்குகிறது என்று 1872-லேயே பிரிவி கவுன்சில் சொல்லிவிட்டது. நிறைவேற்று மனுக்களை ஆறு மாதத்தில் முடிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2021-இல் உத்தரவிட்டது. தமிழ்நாட்டிலிருந்து போன பெரியம்மாள் வழக்கில், 2025 மார்ச்சில் அதையே மீண்டும் வலியுறுத்தியது. உயர் நீதிமன்றங்களிடம் கணக்குக் கேட்டபோது, நாடு முழுக்க 8.82 லட்சம் மனுக்கள் தேங்கிக் கிடப்பது தெரிந்தது. தமிழ்நாட்டில் மட்டும் 86 ஆயிரத்துக்கு மேல்.

ஆனால், தடுப்பவர் யார் என்பதில்தான் சாதி இருக்கிறது. இரண்டு பங்காளிகள் சண்டையில் அமீனாவைத் தடுப்பவர் ஒரு தனி ஆள். சேரிக்காரர் தன் நிலத்தில் இறங்கப் போனால் எதிரே ஊரே நிற்கும். பாதை அடைபடும், தண்ணீர் நிற்கும், கூலி வேலை கிடைக்காது. அமீனா திரும்பிப் போய் ‘எதிர்ப்பு இருந்தது’ என்று எழுதிவிடுவார். சிவில் நடைமுறைச் சட்டத்தின் 21-ஆம் கட்டளை இந்த எதிர்ப்பை இரு தனிமனிதர்களின் பிணக்காகவே பார்க்கிறது. விதி 97-இன்படி ஜெயித்தவரே புகார் மனு போட வேண்டும். மீண்டும் மீண்டும் தடுத்தாலும் விதி 98 சொல்லும் அதிகபட்ச தண்டனை 30 நாள் சிவில் சிறை.

இதே செயலுக்கு வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் வேறு பெயர் வைத்திருக்கிறது. பட்டியல் சாதியினரையோ பழங்குடியினரையோ அவர்கள் நிலத்திலிருந்து அநியாயமாக வெளியேற்றுவதும், அந்த நிலத்தின் மீதான உரிமையை அனுபவிக்கவிடாமல் தடுப்பதும் பிரிவு 3(1)(g)-இன்படி குற்றம். ஆறு மாதம் முதல் ஐந்து வருடம் வரை சிறை. நிலம் யாருடையது என்று நீதிமன்றமே சொல்லிவிட்ட பிறகு, ‘சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போங்க’ என்று காவல் நிலையம் சொல்ல எந்த நியாயமும் இல்லை. அங்கே போய் ஜெயித்துவிட்டுத்தானே வந்து நிற்கிறார்கள்!

அரசுக்கு ஆள்பலம் இல்லையா? 2022 மே மாதம் சென்னை கோவிந்தசாமி நகரில் நீதிமன்ற உத்தரவைக் காட்டி, பல காலம் வாழ்ந்த ஏழைகளின் வீடுகளை இடித்தார்கள். ஒருவர் தீக்குளித்து இறந்தார். அன்று போலீஸும் இருந்தது, இயந்திரமும் இருந்தது. 1994 அக்டோபர் 10-இல் காரணை பஞ்சமி நிலத்துக்காகச் செங்கல்பட்டில் திரண்ட மக்கள் மீதும் போலீஸ் சுட்டது. ஜான் தாமஸும் ஏழுமலையும் இறந்தார்கள். 1892-இல் வந்த பஞ்சமி நில ஆணை, பிற சாதியாருக்கு அந்த நிலத்தை விற்கக் கூடாது என்று நிபந்தனை போட்டிருந்தது. நிபந்தனை காகிதத்தில் இருந்தது, நிலம் கை மாறியது.

எனவே மூன்று கோரிக்கைகள். ஒன்று, டிக்ரிதாரர் தலித்தாகவோ பழங்குடியாகவோ இருந்து, அதற்கு வெளியே உள்ள சாதியினர் தடுத்ததாக அமீனா அறிக்கை கொடுத்தால், நிறைவேற்று நீதிமன்றம் அதைக் காவல்துறைக்கு அனுப்பி வழக்குப் பதியச் செய்ய வேண்டும். இரண்டு, பந்தோபஸ்துச் செலவை அரசே ஏற்க வேண்டும். மூன்று, சுவாதீனம் கொடுத்த நாளோடு கோப்பை மூடாமல், முதல் அறுவடை வீடு சேரும் வரை பாதுகாப்புத் தர வேண்டும். கடமை தவறும் அதிகாரி மீது அதே சட்டத்தின் 4-ஆம் பிரிவு பாய வேண்டும்.

இயக்கத் தோழர்களுக்கும் வேலை இருக்கிறது. உங்கள் வட்டத்தில் டிக்ரி வாங்கியும் நிலம் கிடைக்காத குடும்பங்களைக் கணக்கெடுங்கள். டிக்ரியை நிறைவேற்றக் கோர 12 வருடம்தான் அவகாசம். அந்தத் தேதி தாண்டும் முன் மனு போட வையுங்கள். அமீனா வரும் நாளில் அந்தக் குடும்பம் தனியாக நிற்கக் கூடாது.