வாசற்படியின் இரு பக்கமும்

அரசாங்கத்துக்கு ஆலோசனை சொல்லப் போன பத்திரிகையாளரை, அவர் திரும்பி வந்த பிறகு நம்பலாமா? தில்லியில் இது பழைய கேள்வி. எச்.கே. துவா, சஞ்சய் பாரு என்று பிரதமர்களின் ஊடக ஆலோசகர்களாக இருந்துவிட்டு மீண்டும் ஆசிரியர் நாற்காலிக்கு வந்தவர்கள் உண்டு. அவர்களுக்கெல்லாம் முன்பே இந்தப் பாதையில் நடந்தவர் பி.ஜி. வர்கீஸ்.

1927ல் பர்மாவில் பிறந்த மலையாளி. கேம்பிரிட்ஜில் படிப்பு, டைம்ஸ் ஆஃப் இந்தியாவில் தொழில். 1966ல் பிரதமர் இந்திரா காந்தி அவரைத் தகவல் ஆலோசகராக்கினார். 1969ல் வர்கீஸ் இந்துஸ்தான் டைம்ஸின் ஆசிரியரானபோது, ‘அம்மையாரின் ஆள் வந்துவிட்டார்’ என்று யாராவது நினைத்திருந்தால் அதில் வியப்பில்லை.

நடந்தது வேறு. தில்லிக்கு அருகே, ஹரியானாவில் உள்ள சத்தேரா என்ற சாதாரண கிராமத்துக்கு அவர் நிருபர்களை அனுப்பினார். மந்திரி வருகை, கலவரம், வெள்ளம் என்ற காரணம் எதுவும் இல்லை. விவசாயம், கடன், குடும்பம் என்று கிராமத்தின் அன்றாட வாழ்க்கையே ஒரு தொடர் பத்தியாக வந்தது. தலைநகரின் அரசியலையே தின்று வளர்ந்த ஆங்கிலப் பத்திரிகைக்கு அது புது ருசி.

1974ல் சிக்கிமை இந்தியாவுடன் சேர்க்கும் முயற்சி வேகம் பிடித்தது. பத்திரிகைகள் பெரும்பாலும் கைதட்டின. வர்கீஸின் தலையங்கம் அதைக் கேலி செய்து கண்டித்தது. தாம் சேவகம் செய்த அதே பிரதமரின் அரசைத்தான்! பத்திரிகை பிர்லாவுடையது. அவரை வெளியேற்றும் முயற்சி பிரஸ் கவுன்சில் வரை போனது. 1975ல், நெருக்கடி நிலையின்போது, வேலை போயிற்று. அதே ஆண்டு மகசேசே விருதும் வந்தது.

1977 தேர்தலில் கேரளத்தின் மாவேலிக்கரையில் நின்று தோற்றார். ஜனதா அரசு அமைத்த குழுவுக்குத் தலைமை தாங்கி, வானொலியையும் தூர்தர்ஷனையும் அமைச்சகத்தின் பிடியிலிருந்து விடுவித்து ‘ஆகாஷ் பாரதி’ என்ற அறக்கட்டளையிடம் தரும்படி 1978ல் சிபாரிசு செய்தார். பிரசார் பாரதி சட்டம் வந்தது 1990ல், அமலானது 1997ல். அதுவும் அவர் கேட்ட அளவு சுதந்திரத்தோடு அல்ல. 1982 முதல் 1986 வரை இந்தியன் எக்ஸ்பிரஸ் ஆசிரியர். 2001ல் சிறிது காலம் பாதுகாப்பு அமைச்சரின் தகவல் ஆலோசகர். மறு ஆண்டே, குஜராத் கலவரம் பற்றி எடிட்டர்ஸ் கில்டு அனுப்பிய குழுவில் சேர்ந்து, அங்குள்ள சில நாளிதழ்களின் நடத்தையைக் கண்டித்த அறிக்கையில் கையெழுத்திட்டார்.

இத்துடன் முடித்தால் புகழுரையாகிவிடும். 1991ல் காஷ்மீரின் குனான் போஷ்போராவில் ராணுவத்தினர் பெண்களைக் கூட்டமாகப் பலாத்காரம் செய்ததாகக் குற்றச்சாட்டு எழுந்தது. ராணுவம் கேட்டுக்கொண்டதன் பேரில் பிரஸ் கவுன்சில் அனுப்பிய குழுவில் வர்கீஸ் முக்கியமானவர். குற்றச்சாட்டு புனைவு என்றது அறிக்கை. மனித உரிமை அமைப்புகள் அதை ஏற்கவில்லை. அந்த கிராமத்துப் பெண்கள் இன்றுவரை நீதி கேட்கிறார்கள். சத்தேராவுக்குத் திரும்பத் திரும்ப நிருபர்களை அனுப்பிய ஆசிரியரிடம் இங்கே கேட்க வேண்டிய கேள்வி ஒன்று உண்டு: எந்த அமைப்பின் மீது புகாரோ, அதுவே அழைத்து நடக்கும் விசாரணையைப் பாதிக்கப்பட்டவர்கள் எப்படி நம்புவார்கள்?

வர்கீஸ் 2014 டிசம்பரில் மறைந்தார். இன்று ஆலோசகர் பதவிக்குப் போகிறவர்களை அவருடைய வாழ்க்கையை வைத்து அளக்கலாம். உள்ளே போனது குற்றமல்ல. வெளியே வந்த பிறகு முன்னாள் எஜமானருக்கு எதிராக ஒரு தலையங்கமாவது எழுதினாரா என்று பாருங்கள். அழைத்தது யார் என்றும் பாருங்கள். முதல் சோதனையில் வர்கீஸ் வேலையையே விலையாகக் கொடுத்துத் தேறினார். இரண்டாவதில் அவருக்கு மதிப்பெண் போட வேண்டியவர்கள் குனான் போஷ்போராவில் இருக்கிறார்கள்.