படம் பிடித்தவர் திரும்பி வந்தார்

இடம்பெயர்ந்த எம்மைப் படம் பிடிக்கப் பலர் வந்துள்ளனர். நிவாரணத்துக்கு வரிசையில் நின்றபோதும், கூடாரத்துக்குள் வெள்ளம் புகுந்தபோதும் கமராக்கள் வந்தன. அந்தப் படங்கள் எங்கு போயின, யார் பார்த்தார்கள் என்பதை எவரும் எமக்குச் சொல்லவில்லை. அமெரிக்காவின் வட கரோலினா மாநிலத்தில் ஒருவர் இதை வேறு விதமாகச் செய்தார்.

எச். லீ வாட்டர்ஸ் என்பவர் லெக்சிங்டன் என்ற சிறு நகரில் ஸ்டூடியோ நடத்தியவர். 1930களின் பொருளாதார மந்தத்தில் படம் எடுக்க வருவோர் குறைந்துவிட்டனர். அவர் 16 மில்லிமீற்றர் கமராவைத் தூக்கிக்கொண்டு 1936 முதல் 1942 வரை சுற்றுவட்டாரத்துச் சிறு பட்டினங்களுக்குப் போனார். மொத்தம் 118 ஊர்கள். பள்ளிக்கூடம் விட்டு ஓடிவரும் பிள்ளைகள், ஆலையிலிருந்து வெளியேறும் தொழிலாளர், கடைத்தெருவில் நின்று கதைப்போர் ஆகியோரே அவரது நடிகர்கள். கதையும் இல்லை, பேச்சும் இல்லை. வெள்ளையரையும் கறுப்பரையும் சட்டம் பிரித்து வைத்திருந்த அக்காலத்தில், கறுப்பின மக்களின் தெருக்களையும் அவர் படம் பிடித்தார்.

பின்னர் அதே ஊரின் படமாளிகையில் அதைக் காட்டினார். சனங்கள் தங்களைத் தாங்களே பார்க்க நுழைவுச்சீட்டு வாங்கினார்கள். வசூலில் அவருக்கும் பங்கு உண்டு. பிழைப்புக்காகத்தான் செய்தார், அதில் குறை காண எமக்கு மனமில்லை. அவர்களிற் பலர் அன்று வறியவர்களே. ஆயினும் வறுமைக்குச் சாட்சியாக அவர்கள் நிறுத்தப்படவில்லை. சிரித்தும் வெட்கப்பட்டும் ஊர்க்காரராகவே வந்துபோகிறார்கள். கனாபொலிஸ் என்ற ஆலை நகரில் அவர் எடுத்த படம் 2004இல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது.

எமது முகாம்களுக்கும் மீள்குடியேற்றக் கிராமங்களுக்கும் கமராவுடன் வரும் நிறுவனங்களிடம் நாம் இதையே கேட்க வேண்டும். எடுத்ததை ஓர் இரவு பொதுமண்டபத்தில் வெள்ளைத்துணி கட்டி எமக்குக் காட்டட்டும். எது வெளியே போகலாம், எது வேண்டாம் என்று நாம் சொன்ன பின் கொண்டுபோகட்டும். இதற்குச் சம்மதிக்காதவர்களுக்குப் படம் எடுக்க இடம் கொடுக்க வேண்டியதில்லை.

எமது பிள்ளைகளின் கையிலும் இன்று கமராவுள்ள தொலைபேசி இருக்கிறது. கலியாணத்துக்கும் செத்தவீட்டுக்கும் மட்டும் வீடியோ என்ற பழக்கம் போதாது. தோட்டத்துக்குத் தண்ணீர் மாறுவதையும், வெங்காயம் பிடி கட்டுவதையும், சங்கக்கடை வாசலில் ஆச்சிமார் கதைப்பதையும் அவர்கள் எடுக்கலாம். வாட்டர்ஸின் படங்களில் பல முகங்களுக்கு இன்று பெயர் தெரியாது. ஆகவே எடுக்கும்போதே பெயரையும் சொந்த ஊரையும் கேட்டு ஒரு கொப்பியில் எழுதி வைக்கச் சொல்லுங்கள்.